செவ்வந்திக்கு என்ன நிறம்

இலை மட்டும் பிரமாதமாக இருந்தது. கமாவின் வயிற்றெரிச்சலே அதுதான். வாடி வதங்கிய செடி என்றால் ஏதோ சீக்கு என்று மனதைத் தேற்றிக்கொள்ளலாம். இதுவோ படிக்கட்டை ஒட்டிக் கட்டிய சிமெண்டுத் தொட்டியில் இடுப்புயரம் வளர்ந்து, தின்று கொழுத்துக் கரும்பச்சையாக நின்றது. போகிறவர்கள் வருகிறவர்கள் எல்லாரும், "செடி நல்லா வந்திருக்கே, என்ன செடி?" என்று கேட்டார்கள். செவ்வந்தி என்று சொன்னால், "அப்படியா? பூ எங்கே?" என்று அடுத்த கேள்வி. பூ எங்கே என்று தெரிந்தால் அவள் ஏன் தினமும் காலையில் பல் துலக்கும் பிரஷ்ஷோடு தொட்டிக்குள் தலையை விட்டுக்கொண்டு நிற்கப்போகிறாள்?

கமா அவளுடைய பெயர் இல்லை. அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துகிறவள். மருந்துச் சீட்டைக் கொடுத்தாலும் காற்புள்ளி எங்கே விட்டுப்போயிருக்கிறது என்று பார்க்கிறவள். கல்யாணமான புதிதில் கணவன் வைத்த பட்டப்பெயர் அது. வீட்டில் அதுவே நிலைத்துவிட்டது. வைத்தவன்தான் போய்விட்டான்.

செடியும் அவன் வைத்ததுதான். பெயிண்ட் கடையில் நிறம் கலக்கும் வேலை அவனுக்கு. யாராவது பழைய சுவரிலிருந்து ஒரு பொருக்கைப் பெயர்த்து எடுத்துவந்து நீட்டினால், கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்துவிட்டு, அச்சு அசலாக அதே நிறத்தில் ஒரு வாளி கலக்கிக் கொடுப்பான். வீட்டுக்கு வந்தும் அதே பைத்தியம். வாங்கி வந்த செவ்வந்திகளில் காய்ந்த பூவை உதிர்த்து, அதிலிருந்து பொடிப்பொடியாக விதை எடுத்து விதைத்தான். செவ்வந்தி விதை தாயைப் போல வராது. ஒவ்வொரு விதையும் அதனதன் இஷ்டத்துக்கு ஒரு நிறத்தில் பூக்கும். முளைத்ததையெல்லாம் பூக்கவிட்டான், பிடிக்காததைப் பிடுங்கிப் போட்டான், கடைசியில் ஒரே ஒரு தூரை மட்டும் வைத்துக்கொண்டான்.

"இந்த நிறம் எங்க கடை அட்டையிலயே கிடையாது" என்றான். அவ்வளவு பெருமை.

அந்தத் தூர் அவன் இருக்கும்போது ஒரே ஒரு தடவை பூத்தது. மனைவியையும் அக்காவையும் கூப்பிட்டு நிறுத்திக் காட்டினான். கமா போனை எடுத்தபோது தடுத்துவிட்டான். "போன்ல நிறம் பொய் சொல்லும். கண்ணால பாரு." பார்த்தார்கள். பூ முடிந்ததும் தண்டைத் தரையோடு வெட்டினான். ஐயோ என்று அக்கா பதறியதற்கு, "வேர் இருக்குல்ல? இது ஒரு தடவ பூத்துட்டுச் சாகற ஜாதி இல்லக்கா. வெட்டினாதான் வரும்" என்றான். சொன்னபடி பக்கக் கன்றுகள் கிளம்பி வந்தன. அவை விரலுயரம் இருந்தபோது ஒரு நாள் காலை வேலைக்குப் போனவன் கடையில் பெயிண்ட் டப்பா ஒன்றின் மேல் உட்கார்ந்து நெஞ்சைப் பிடித்துக்கொண்டான். அதோடு சரி.

இதெல்லாம் நடந்து ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. வீட்டில் மிச்சம் இரண்டு பேர். கமாவும் நாத்தனாரும். நாத்தனார் தொலைபேசி நிலையத்தில் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை, தம்பி வீடுதான் அவர் வீடு. ஊரார் பேச்சையெல்லாம் காதில் வாங்கிக்கொண்டே வாங்காத மாதிரி முகத்தை வைத்துக்கொள்வது அவருடைய தொழில் பழக்கம். கமா பேசினாலும் அப்படித்தான்.

சண்டை ஆரம்பித்தது சாதாரணமாகத்தான். சோறு போட்டுக்கொண்டே கமா ஒரு நாள், "அந்தத் துரு நிறத்துல இன்னொரு பூ நான் எங்கயும் பாக்கல" என்றாள்.

"எந்தத் துரு?"

"நம்ம செவ்வந்திதான் அக்கா."

"அது ஊதால்ல?"

கமா கரண்டியைக் கீழே வைத்தாள். "ஊதாவா? யாரு சொன்னது?"

"யாரு சொல்லணும்? எனக்கென்ன கண்ணு அவிஞ்சா போச்சு? லேசான ஊதா. சலவைக்குப் போட்டு வெளுத்த மாதிரி."

"அக்கா, அது துரு. பழைய கேட்டுல இருக்குமே, அந்தத் துரு. நடுவுல கொஞ்சம் தேன் மாதிரி."

"நீ எழுத்தப் பாத்துப் பாத்து உனக்கு எல்லாம் கறுப்பு வெள்ளையாத்தான் தெரியும்" என்று நாத்தனார் ஊறுகாயை எடுத்துக்கொண்டார். பேச்சு முடிந்தது என்று அர்த்தம்.

முடியவில்லை. மறுநாள் கமா அலமாரியிலிருந்து கணவனின் நிற அட்டைகளை எடுத்துக் கடை பரப்பினாள். விரலளவு விரலளவாக நூற்றுக்கணக்கான நிறம். "இதுக்குப் பக்கத்துல இருக்கும்" என்று அவள் ஒன்றைத் தொட்டால், நாத்தனார் மூக்குக் கண்ணாடியை ஏற்றிவிட்டு, அட்டையின் எதிர் மூலையில் ஒன்றைத் தொட்டார். இடையே ஒரு சாண் தூரம். "அவன்தான் அட்டையிலயே இல்லன்னானே, அப்புறம் எதுக்கு இதுல தேடற?" என்று ஒரு குத்தல் வேறு. கமாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தொழில்முறையில் அவள் கண்ட வழி ஒன்றுதான்: சந்தேகம் வந்தால் மூலத்தைப் பார். மூலம் படிக்கட்டோரம் நின்றுகொண்டிருந்தது. பூத்துத் தொலைத்தால் தீர்ந்தது. அதுவோ இலையை விட்டுக்கொண்டிருந்தது.

உரம் போட்டாள். எலும்புத் தூள் போட்டாள். வாழைப்பழத் தோலை ஊறவைத்து ஊற்றியதில் வீட்டு வாசலில் ஈ மொய்த்தது. நுனியைக் கிள்ளிவிட்டால் பக்கத்தில் கிளைத்துப் பூக்கும் என்றார்கள், கிள்ளினாள், கிளைத்தது, பூக்கவில்லை. தண்ணீரைக் குறைத்துப் பட்டினி போட்டால் பயந்துபோய்ப் பூக்கும் என்று அச்சகத்தில் ஒருவர் சொன்னார். பட்டினி போட்டாள். நாத்தனார் மத்தியானத்தில் குடம் குடமாக ஊற்றி அதற்குப் பரிகாரம் செய்துவிட்டார். அசுவினிப் பூச்சி வந்தது. சோப்புத் தண்ணீரில் இலை இலையாகக் கழுவினாள். நர்சரிக்காரர் ஒவ்வொரு தடவையும் ஒரு பொட்டலத்தைக் கட்டிக் கொடுத்து, "இதப் போட்டுப் பாருங்க மேடம், அள்ளிக்கும்" என்றார். எதுவும் அள்ளிக்கொள்ளவில்லை.

வெறும் பிடிவாதம் என்றால் எப்போதோ விட்டிருப்பாள். பயம் வேறொன்று. செவ்வந்தித் தூர் வருஷக்கணக்காகத் தாங்கும்தான், ஆனால் ஒரே இடத்தில் நெருக்கிக்கொண்டு நின்றால் நடுவேர் கட்டையாகிச் சோரும். ஏற்கெனவே நடுவில் இரண்டு தண்டு கறுத்துவிட்டது. உலகத்தில் இருப்பது இந்த ஒரு தூர். இது பூக்காமலே போய்விட்டால் அந்த நிறம் என்ன என்று சொல்ல ஒரு ஜீவன் இருக்காது. அவளுக்கும்கூட, நாள் போகப் போக, மனசிலிருந்த அந்தத் துரு அத்தனை துருவாக இல்லை. அதை அவள் யாரிடமும் சொல்லவில்லை.

விஷயம் பிடிபட்டது தற்செயலாகத்தான். தொட்டியின் கடைசியில், வாசல் தூணுக்குப் பின்னால், ஒரு சோனித் தண்டு ஒதுங்கி வளர்ந்திருந்தது. அதன் நுனியில் ஒரு காலை மிளகளவு மொட்டு. ஒன்றல்ல, மூன்று. கமா அச்சகத்துக்கே தாமதமாகப் போனாள். மறுநாள் விடிந்ததும் ஓடிவந்து பார்த்தால் மொட்டு இருந்த இடத்தில் நத்தை போன பாதை மினுமினுத்தது. படியில் உட்கார்ந்துவிட்டாள்.

"அழறியா?" என்றார் நாத்தனார் வாசலில் நின்று.

"இல்ல. நத்தையத் தேடறேன்."

"கெடச்சா கேளு, என்ன நிறம்னு. அதுதான் தின்னிருக்கு."

அன்றைக்கு மாலை வேலை முடிந்து வந்தவள் படியேறாமல் நின்றாள். இருட்டத் தொடங்கியிருந்தது. கதவுக்கு மேல் வெளிவிளக்கு எரிந்தது. அக்கா படி தெரியாமல் தடுக்கி விழுந்துவிடக் கூடாது என்று அவன் மாட்டிய விளக்கு. தெருவே கல்யாண வீடு போலத் தெரியும். அதன் வெளிச்சம் தொட்டி முழுக்க விழுந்தது. தூணின் நிழல் மட்டும் தொட்டியின் கடைசியில், சரியாக அந்தச் சோனித் தண்டின் மேல், ஒரு போர்வை போலக் கிடந்தது.

மறுநாள் நர்சரிக்குப் போனாள். "ராத்திரி பூரா வெளிச்சம் இருந்தா செவ்வந்தி பூக்காதா?"

"அது எப்படிப் பூக்கும்?" என்றார் நர்சரிக்காரர், தொட்டியில் மண் அள்ளிப் போட்டுக்கொண்டே. "ராத்திரி நீளமா இருக்கணும் மேடம் அதுக்கு. பண்ணையில வளக்கறவங்க லைட்டு போட்டுத்தான் பூக்கவிடாம வச்சிருப்பாங்க. நல்லா உசரம் வந்தப்புறம் லைட்ட அணைச்சிடுவாங்க. மொட்டு விட்டுடும்."

"இத முன்னாடியே சொல்லியிருக்கலாமே."

"நீங்க லைட்டப் பத்திக் கேக்கவே இல்லையே."

"எலும்புத் தூளப் பத்தியும் நான் கேக்கல. குடுத்தீங்களே."

"அது எல்லாச் செடிக்கும் நல்லது மேடம்" என்றார் அவர், கொஞ்சமும் கூசாமல்.

அப்படியானால் தீர்வு சுலபம். விளக்கை அணைத்தால் போதும். ஆனால் அந்த வீட்டில் வெளிவிளக்கை அணைப்பது அத்தனை சுலபம் இல்லை.

அதற்கு ஒரு முறை உண்டு. பொழுது சாய்ந்ததும் முதலில் ஞாபகம் வருகிறவர் போடுவார்; எல்லாருக்கும் பின்னால் வீடு திரும்புகிறவர் அணைப்பார். யாரும் சட்டம் போடவில்லை, பல வருஷமாக அப்படித்தான். விளக்கு எரிந்தால் இன்னும் ஆள் வரவேண்டும். அணைந்தால் எல்லாரும் வந்தாயிற்று, சாப்பிடலாம். கடைசியாக வருகிறவன் எப்போதும் அவன்தான். கடையைப் பூட்டிவிட்டு எட்டு மணிக்குள் வந்து, செருப்பைக் கழற்றும்போதே சுவிட்சைத் தட்டுவான். அவன் போன பிறகு அந்தி வந்தால் விளக்கு எரிந்தது. அணைக்கத்தான் ஆளில்லை. விடிந்த பிறகு, வெயிலில் எரிகிறதே என்று யாராவது அணைப்பார்கள்.

"அக்கா, இனிமே வெளிவிளக்கு வேண்டாம்" என்றாள் கமா.

"எதுக்கு?"

"செடி பூக்கறதுக்கு."

"ஏன், வெளிச்சத்துல அதுக்குத் தூக்கம் வரலையாமா?"

"ஆமா. அதேதான்."

நாத்தனார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கடைசியா வர்றவங்கதான அணைக்கணும்? நான் பொழுதுக்கும் உள்ளதான் இருக்கேன். நீயும் பொழுது சாயறப்பவே வந்துடற. அப்ப யாரு அணைக்கிறது?"

அந்த வாக்கியத்தில் ஒரு பிழை இருக்கிறது என்று கமாவுக்குத் தெரிந்தது. இப்போது கடைசியாக வருகிறவள் அவள்தான். அதைச் சொல்லத்தான் வாய் வரவில்லை. இந்த ஒரு வருஷத்தில் அவள் கையும் ஒரு நாள்கூட அந்தச் சுவிட்சுக்கு மாலையில் போனதில்லை.

அதனால் சுற்றி வளைத்துப் போனாள். மாலையில் செடியின் மேல் கறுப்பு மழைக்கோட்டைப் போர்த்தினாள். எதிர்வீட்டுக்காரர் வாசலில் யாரோ குனிந்து நிற்கிறான் என்று சத்தம் போட்டுத் தெருவைக் கூட்டிவிட்டார். அட்டைப் பெட்டியைக் கவிழ்த்தாள், "மூச்சு முட்டிச் சாகட்டும்னா?" என்று நாத்தனார் அதைத் தூக்கிப் பழைய பேப்பரோடு சேர்த்துவிட்டார். ஒரு நாள் நாற்காலி போட்டு ஏறி பல்பையே கழற்றி அரிசி டப்பாவுக்குள் ஒளித்தாள். மறுநாள் வேலை முடிந்து வந்தால் புது பல்பு எரிந்தது. முன்னதைவிட வெளிச்சம் அதிகம்.

"கடைக்காரன் இதுதான் ரொம்ப நாள் உழைக்கும்னான்" என்றார் நாத்தனார்.

கமா கைப்பையை மேசைமேல் போட்டாள். "உங்களுக்கு அந்தப் பூவப் பாக்க வேண்டாமா? ஒரேயடியா ஊதா ஊதான்னு உயிர வாங்கறீங்களே, பூத்தா தெரிஞ்சுடும்ல?"

"தெரிஞ்சு?"

"யாரு சொன்னது சரின்னு தெரியும்."

"தெரிஞ்சு என்ன ஆகப்போகுது?"

"எனக்கு மறக்குது அக்கா." குரலை உயர்த்தவில்லை. ஆனால் நிறுத்தவும் முடியவில்லை. "துரு துருன்னு வாய் சொல்லுது. கண்ண மூடினா துரு வரல. அட்டையில நான் காட்டின நிறந்தான் வருது. அது அட்டை நிறம், அவர் காட்டின நிறம் இல்ல. இப்படியே இன்னொரு வருஷம் போனா நீங்க ஊதான்னு சொன்னா நானும் ஊதான்னு தலையாட்டுவேன். உங்களுக்காவது நல்லா ஞாபகம் இருக்கு."

நாத்தனார் எப்போதும் போல முகத்தைக் காது கேட்காத மாதிரி வைத்துக்கொண்டு அடுப்படிப் பக்கம் பார்த்தார். பிறகு, யாருக்கோ லைன் போட்டுக் கொடுக்கிற மாதிரி, ஏற்ற இறக்கமே இல்லாமல் சொன்னார்:

"எனக்கு எங்க ஞாபகம் இருக்கு? அவன் போய் ஒரு மாசத்துலயே மறந்துடுச்சு. என்ன நிறம்னு யோசிச்சா அவன் நகத்துல ஒட்டியிருந்த பெயிண்ட்தான் வருது."

கமா நிமிர்ந்து பார்த்தாள். "அப்புறம் எதுக்கு ஊதான்னு ஒத்தக்கால்ல நின்னீங்க?"

"நீ துருன்னு சொன்ன. நானும் ஆமா துருன்னு சொல்லியிருந்தா?"

"சொல்லியிருந்தா என்ன?"

"அன்னைக்கே பேச்சு முடிஞ்சிருக்கும். அப்புறம் அவனப் பத்திப் பேச இந்த வீட்டுல என்ன இருக்கு? நீ ப்ரூஃப எடுத்து வச்சுக்குவ. நான் ரேடியோவப் போட்டுக்குவேன்."

கமாவுக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. எத்தனை மாசம். எத்தனை பொட்டலம். வாழைப்பழத் தோல். "அக்கா, இந்த ஒரு வருஷமா நான்" என்று ஆரம்பித்தாள். அதற்குள் நாத்தனார் எழுந்து வாசலுக்குப் போய் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார்.

"எங்க போறீங்க?"

"முக்கு வரைக்கும்."

"இந்நேரத்துலயா? எதுக்கு?"

"நீதான் வந்துட்டியே. நான் வெளிய போயிட்டு வந்தா நான்தான கடைசி?" என்று சொல்லிவிட்டு, முழங்காலைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு படியாக இறங்கினார்.

கமா ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டு நின்றாள். முக்கில் இஸ்திரி வண்டிக்காரரிடம் நாத்தனார் ஏதோ பேசினார். அவர் தலையாட்டினார். பிறகு நாத்தனார் திரும்பி, ஒரு கையால் சுவரைத் தொட்டபடி வந்தார். படியேறி, செருப்பைக் கழற்றி, உள்ளே கைவிட்டுச் சுவிட்சைத் தட்டினார். தெரு சட்டென்று சின்னதாகிவிட்டது.

"எல்லாரும் வந்தாச்சு" என்றார் இருட்டில். "சோத்தப் போடு."

இரண்டு பேரும் சாப்பிட்டார்கள். செவ்வந்தியைப் பற்றிப் பேசவில்லை. மறுநாளும் நாத்தனார் முக்கு வரை போய்வந்தார். முழங்கால் வலித்த நாளில் கமா போய்வந்தாள். அந்தத் தெருவில் அவர்களைப் பற்றி என்ன நினைத்தார்களோ தெரியாது, இஸ்திரி வண்டிக்காரர் மட்டும், "இன்னைக்கு உங்க முறையா?" என்று கேட்கத் தொடங்கினார்.

மொட்டு வரப் பல வாரம் ஆயிற்று. வந்தபோது தொட்டி முழுக்க வந்தது. கமா நத்தைக்காகத் தொட்டி விளிம்பில் உப்புக் கோடு போட்டாள், மழை கரைத்தது, மறுபடி போட்டாள். மொட்டுகள் பருத்து, பச்சை விரிந்து, நிறம் எட்டிப் பார்க்கப்போகிற சமயத்தில் வெயில் சுட்டெரித்தது. கோடை. முதல் பூ ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை திறந்தது.

இரண்டு பேரும் படியில் நின்று பார்த்தார்கள். நாத்தனார் கண்ணாடியைக் கழற்றிப் பார்த்தார். போட்டுப் பார்த்தார். கமா கிட்டே போய் இதழின் மேல்புறம், பின்புறம் எல்லாம் பார்த்தாள். துரு இல்லை. ஊதா இல்லை. பால் ஜாஸ்தியான டீ மாதிரி, என்ன என்று சொல்ல முடியாத ஒரு சோகை நிறம்.

"இதுவா?" என்றார் நாத்தனார்.

"இது இல்ல."

"இல்லதான். இது இல்ல."

அந்தச் செடி விஷயத்தில் அவர்கள் ஒத்துப்போனது அதுதான் முதல் தடவை. கமா ஒரு பூவைக் காம்போடு கிள்ளிக் காகிதத்தில் சுற்றி எடுத்துக்கொண்டு நர்சரிக்கு நடந்தாள். போகிற வழியெல்லாம் வாய்க்குள்ளேயே நர்சரிக்காரரைத் திட்டிக்கொண்டு போனாள். ஒருவேளை இது அவன் செடியே இல்லையோ, பழைய விதை ஏதாவது விழுந்து முளைத்துத் தூரை மூடிவிட்டதோ என்றுகூடத் தோன்றியது. நர்சரிக்காரர் பூவைத் திருப்பிப் பார்த்தார்.

"வெயிலுக்கு வெளுத்துடுச்சு. சூட்டுல பூத்தா செவ்வந்தி அசல் நிறம் காட்டாது."

"அப்ப எப்பதான் காட்டும்?"

"பூ முடிஞ்சதும் தரையோட வெட்டி விடுங்க. தூரப் பிரிச்சு நாலா நடுங்க, நடு வேர் போயிருக்கும். கொஞ்சம் குளிர்ந்த பிறகு பூத்தா தெரியும்." பூவைத் திருப்பிக் கொடுத்தார். "எலும்புத் தூள் ஒரு பொட்டலம் தரட்டுமா?"

"ஒண்ணும் வேண்டாம்."

வெட்டுகிற நாளில் நாத்தனார் பக்கத்தில் முக்காலி போட்டு உட்கார்ந்துகொண்டார். கமா கத்தரியை எடுத்தாலே அவருக்கு ஆகவில்லை. "கொஞ்சம் மேல விட்டு வெட்டேன்." "அந்தத் தண்டு நல்லாத்தான இருக்கு, அத விடேன்." "போன தடவ அவன் இவ்ளோ கீழ வெட்டல."

"வெட்டினார். நீங்க ஐயோன்னு கத்தினீங்க."

"நான் எங்க கத்தினேன்? பதறினேன்."

தண்டெல்லாம் சாய்ந்து கிடந்தது. கமா விரலால் மண்ணை விலக்கினாள். கட்டையாகிப்போன நடுவேரைச் சுற்றி, வெளிறிய நுனிகளோடு பக்கக் கன்றுகள் நெருக்கிக்கொண்டு நின்றன. கத்தியை வைத்து அழுத்திப் பிளந்தபோது வேர் அறுபடும் சத்தம் கேட்டது. நாத்தனார் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிளந்த துண்டை கமா நீட்டியதும் இரண்டு கையாலும் வாங்கி மடியில் வைத்துக்கொண்டார். சேலையெல்லாம் மண்.

"பாத்துக்கோ" என்றார், துண்டைத் திருப்பிப் பார்த்தபடி. "குளிர்ல ஊதாவாத்தான் வரும்."

"துரு."

"பந்தயமா?"

"அக்கா, சும்மா அதையே கையில வச்சுக்கிட்டு இருக்காதீங்க, வேர் காஞ்சிடும். இப்படிக் குடுங்க."

நாத்தனார் கொடுத்தார்.